படத்தில் கட்டிய தாலி

என் மாமா சாவதில் கெட்டிக்காரர். துப்பாக்கிச் சூடு பட்டுச் சாவது, குத்துப்பட்டுச் சாவது, நஞ்சு குடித்துச் சாவது, மாடிப்படியில் உருண்டு விழுந்து சாவது என்று அவரிடம் வகை வகையாகச் சாவு இருந்தது. பின்னேரங்களில் அயல் பிள்ளைகளும் நானும் எங்கள் வளவில் கூடி, இன்றைக்கு எந்தச் சாவு என்று முடிவு செய்வோம். அவரும் மறுக்காமல் அதைச் செத்துக் காட்டுவார். நஞ்சு என்றால் கொஞ்சம் நேரம் எடுக்கும். விளக்கு வைக்கிற நேரத்தில் இதென்ன அபசகுனம் என்று அம்மா குசினிக்குள் இருந்து சத்தம் போட்ட பிறகுதான் உயிர் போகும். எழுந்து மண்ணைத் தட்டிக்கொண்டு, "கூலிக்குச் செத்த உடம்பு தங்கச்சி, சும்மா இரிக்க மாட்டன் எண்டுது" என்பார்.

சும்மா இருக்க அவருக்குத் தெரியாது என்பது உண்மைதான். சாப்பிட உட்கார்ந்தால் பாதியில் எழுந்து வாசல் படலை வரை போய்ப் பார்த்துவிட்டு வருவார். யாரைப் பார்க்கிறார் என்று கேட்டால் அவருக்கே தெரியாது. ஊரும் அப்போது நிம்மதியாக இருக்கவில்லை. அது சண்டைக் காலம். வாவிக்கு மேலால் விமானம் போனால், அது எங்கள் ஆட்களுடையதா ஜப்பான்காரனுடையதா என்று தெரிய முன்னமே கோழிகளும் நாங்களும் ஓடி ஒளிந்தோம். பள்ளிக்கூட வளவில் பதுங்கு குழி வெட்டினார்கள். அதற்குள் மழைத்தண்ணீர் நின்று தவளை கத்தியது. கல்குடாவில் ஜப்பான்காரன் இறங்கிவிட்டான் என்று காலையில் ஒரு செய்தி வரும். இல்லை, அது மீன்பிடித் தோணி என்று பின்னேரம் இன்னொரு செய்தி வரும். நெல் விளைகிற ஊரிலேயே நெல்லை அரசாங்கம் அள்ளிக்கொண்டு போக, விளைவித்த நாங்கள் மரவள்ளிக் கிழங்கு அவித்துத் தின்றோம். எல்லோரும் நிலைகொள்ளாமல் திரிந்த நாட்களில் நிலைகொள்ளாத இன்னொருவரும் கூடத் திரிந்ததை யாரும் பெரிதாக எடுக்கவில்லை.

மாமா அம்மாவின் அண்ணன். எங்கள் ஊர் வாவியின் மேற்குக் கரையில், படுவான்கரையில், மண்டூருக்கு இந்தப் பக்கம் இருக்கிறது. எங்கள் ஆட்கள் தூரப் பயணம் போனால் மட்டக்களப்பு டவுன் வரைதான் போவார்கள். அதுவும் வழக்கு இருந்தால். மாமா மட்டும் இளந்தாரி வயதில், வாய்க்கால் அளக்க வந்த ஓர் இஞ்சினியர் துரைக்கு உடுப்புத் தோய்த்து மினுக்கிக் கொடுக்கும் வேலைக்குச் சேர்ந்து, துரை சீமைக்குத் திரும்பியபோது கூடவே கப்பல் ஏறிவிட்டார். போன இடத்தில் துரை காய்ச்சலில் போய்ச் சேர்ந்தார். லண்டன் தெருவில் விழித்துக்கொண்டு நின்ற மாமாவை யாரோ ஒருவன் ஏற இறங்கப் பார்த்து, தலையில் ஒரு துணியைச் சுற்றி, படம் பிடிக்கிற கொட்டகைக்குள் கொண்டுபோய் விட்டான்.

அது பேசாத படங்களின் காலம். மாமா அரபியாக வந்தார், இந்தியனாக வந்தார், எகிப்துக்காரனாக வந்தார், மஞ்சள் மாப் பூசிக்கொண்டு சீனாக்காரனாகக்கூட வந்தார். இலங்கைக்காரனாக மட்டும் ஒருநாளும் வரவில்லை. அப்படி ஒரு தேசம் தேயிலைப் பெட்டியில்தான் இருக்கிறதென்று அவர்கள் நினைத்தார்கள் என்பார். கதாநாயகனுக்குப் பெட்டி தூக்கி, கதாநாயகியைப் பயப்படுத்தி, கதை முடிவதற்குள் செத்துப்போவது அவருடைய தொழில். பிறகு படங்கள் பேசத் தொடங்கின. மாமாவுக்கு வேலை இல்லாமல் போயிற்று. அங்கே சில வருடம் எப்படியோ காலம் தள்ளிவிட்டு, சண்டை தொடங்குவதற்குச் சற்று முன்பு ஒரு தோல்பெட்டியோடு வந்து எங்கள் வீட்டில் இறங்கினார்.

எங்கள் பக்கத்தில் வீடுகள் பெண்களுக்கு உரியவை. கல்யாணம் முடித்த ஆண் மனைவி வீட்டுக்குப் போய்விடுவான். முடிக்காதவனுக்கு இடம், தாய் இல்லாவிட்டால், சகோதரி வீட்டு விறாந்தைதான். தலை நரைக்கத் தொடங்கிய ஒரு மனிதர் தங்கை வீட்டு விறாந்தையில் பாய் விரிப்பதை ஊர் கவனித்தது. படத்தில் நடித்தேன் என்று அவர் சொன்னதையும் கவனித்தது. இரண்டையும் கூட்டிக் கழித்து, இவர் துரையிடம் சமையல்காரனாக இருந்திருக்கிறார், அதை மறைக்கப் படக்கதை விடுகிறார் என்று தீர்ப்புச் சொல்லியது. 'லண்டன் கோக்கி' என்று பட்டமும் கிடைத்தது. கோக்கி என்றால் துரைமார் வீட்டுச் சமையல்காரன். மாமாவுக்கோ தேத்தண்ணீர் வைக்கவும் தெரியாது. அந்தப் பெயரைக் கேட்கும்போதெல்லாம் அவர் காது சிவக்கும்.

பெரியவர்களில் அவர் சொன்னதை நம்பியது ஒருவர்தான். அது மாமி, என் அப்பாவின் தங்கை. எங்கள் முறையில் அப்பாவின் தங்கையும் மாமி, மாமாவின் மனைவியும் மாமி. ஆகவே எனக்கு ஒரு மாமா இருந்தார், ஒரு மாமி இருந்தாள், இருவருக்கும் நடுவில் ஒரு கல்யாணம்தான் பாக்கியாக இருந்தது. மாமி அடுத்த வளவில், காது கேளாத பெரியம்மா ஒருவரோடு இருந்தாள். முப்பது தாண்டிவிட்டது. வந்த சம்பந்தங்கள் ஒவ்வொன்றும் ஏதோ ஒரு காரணத்தால் முறிந்தன. பாதிக்குக் காரணம் மாமியின் வாய். பெண் பார்க்க வந்தவரின் மீசையைப் பற்றி அவரிடமே அபிப்பிராயம் சொன்னவள் அவள்.

ஒருநாள் இரண்டு வளவுக்கும் நடுவேலியில் ஆள் நுழைய விட்டிருந்த பொட்டுக்கு அந்தப் பக்கம் நின்று, மாமா சூடு பட்டுச் சாவதை மாமியும் பார்த்தாள். எல்லாம் முடிந்த பிறகு கேட்டாள்: "செத்துக் கிடக்கக்குள்ள மூக்கில ஈ வந்து இருந்தா என்ன செய்வீங்க?"

மாமா அப்படியே எழுந்து உட்கார்ந்துவிட்டார். அத்தனை வருடத்தில் ஒருவரும் அவரிடம் தொழிலைப் பற்றி ஒரு கேள்வி கேட்டதில்லை. "அதுதான் நடிப்பு," என்றார் கடைசியில். "மத்ததெல்லாம் உடுப்பு."

அன்றிலிருந்து மாமா ஒவ்வொரு நாளும் சட்டை மாற்றினார். அம்மா கண்டுகொண்டாள். அப்பாவிடம் பக்குவமாகப் பேச்சை எடுத்தாள்.

அப்பா எங்கள் வயல் வட்டைக்கு விதானை. வாய்க்காலில் தண்ணீர் திறப்பது, வேலி அடைப்பது, மாடு பயிருக்குள் இறங்கினால் விசாரிப்பது எல்லாம் அவர் அதிகாரம். நேர்மையான மனிதர், அதனால் மற்றவர்களுக்குக் கொஞ்சம் கஷ்டமான மனிதர். தங்கையைக் கொடுப்பதற்கு முன், மாமாவைக் கூப்பிட்டு வைத்து, லண்டனில் செய்த தொழிலுக்குச் சரியான பெயர் என்ன என்று கேட்டார்.

மாமா நெஞ்சை நிமிர்த்தி, "கரக்டர் அக்டர்" என்றார்.

அப்பாவின் முகம் மலர்ந்துவிட்டது. கதாநாயகன் அல்லாத, தாடியும் தொப்பையும் ஒட்டிக்கொண்டு கிழவனாகவும் வேலைக்காரனாகவும் வருகிறவனுக்குச் சீமையில் அப்படி ஒரு பெயர் இருப்பது அப்பாவுக்கு எப்படித் தெரியும்? அவருக்குத் தெரிந்த கரக்டர், பள்ளிக்கூடத்தை விட்டு வரும்போது தலைமை வாத்தியார் எழுதிக் கொடுக்கும் கரக்டர் சேட்டிபிக்கட்தான். இன்னாருடைய ஒழுக்கம் நல்லது என்று அதில் எழுதியிருக்கும். அப்படியென்றால் நல்ல ஒழுக்கமுள்ள வேஷங்களை மட்டும் நடிப்பதற்கென்று சீமையில் தனி ஆட்கள் இருக்கிறார்கள், மாமா அதில் ஒருவர் என்று அப்பா விளங்கிக்கொண்டார். விளங்கியதோடு நிற்கவில்லை. வயல் வரம்பில், கோயில் வீதியில், கள்ளுத் தவறணைக்கு முன்னால்கூட நின்று, "எங்கட மச்சான் கெட்ட வேசம் ஒண்டுக்கும் போகமாட்டாராம். அங்க அதுக்கு ஒரு பட்டமே இரிக்கி" என்று சொல்லித் திரிந்தார். மாமா இதைக் கேட்டார். திருத்த வாயெடுத்தார் என்றும், வேலிப் பொட்டைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டார் என்றும் அம்மா சொல்லுவாள். ஆவணியில் கல்யாணம் என்று முடிவாயிற்று. மாமியின் வளவிலேயே ஆண்டுக்கணக்காகப் பூட்டிக் கிடந்த அவளுடைய சீதன வீட்டுக்கு வெள்ளையடித்தார்கள்.

இந்த நேரம் பார்த்து ஊருக்குப் பட லொறி வந்தது. இரவில் விளக்குக் கொளுத்தாதே, விமானக்காரன் கண்டுவிடுவான் என்று சட்டம் போட்ட அதே அரசாங்கம்தான் ஊர் ஊராக வெளிச்சம் போட்டுப் படம் காட்டவும் லொறி அனுப்பியது. பள்ளிக்கூட வளவில் இரண்டு வேப்பமரங்களுக்கு நடுவே வெள்ளைச் சீலையை இழுத்துக் கட்டினார்கள். முதலில் சண்டைப் படம், பிறகு சனங்கள் எழுந்து போகாமல் இருக்க ஏதாவது ஒரு பழைய பேசாத படம். மாமா மத்தியானமே போய் லொறிக்காரனோடு இங்கிலீசில் கதைத்து, தகரப் பெட்டியில் ஒட்டியிருந்த பெயரை வாசித்துவிட்டு ஓடி வந்தார். ஓடி வந்தார் என்றால் உண்மையாகவே ஓடித்தான் வந்தார்.

"நான் இரிக்கிற படம்," என்றார். கோட்டைப் போட்டார், கழற்றினார், திரும்பவும் போட்டார். படலைக்கும் கிணற்றுக்குமாக நடந்தார். மாமி வேலிப் பொட்டில் நின்று, "இரிங்க கொஞ்சம். படம் ஓடிப் போகாது," என்று சொல்லிப் பார்த்தாள். மாமா இருக்கவில்லை.

இருட்டியதும் ஊர் முழுக்கக் கூடியது. அப்பா உட்கார முன்வரிசையில் ஒரு வாங்கு போட்டிருந்தார்கள். சீலையில் கப்பல்கள் போயின, விமானங்கள் போயின, வெள்ளைக்காரத் தாய்மார் தோட்டத்தில் உருளைக்கிழங்கு நட்டார்கள். பிறகு பழைய படம் தொடங்கியது. இந்தியாவில் ஏதோ ஒரு அரண்மனை. பெரிய தாடியும் தொப்பையுமாக ஒரு கிழட்டு ராசா வந்தார். சிம்மாசனத்தில் உட்கார முன்னம் அதைக் கையால் ஒருமுறை தட்டினார். எங்கள் வீட்டுப் பாயில் மாமா உட்காருவதும் அப்படித்தான். நான் "மாமா" என்று கத்திவிட்டேன். எனக்குப் பின்னால் யாரோ "நம்மட கோக்கி" என்றார்கள். "கோக்கி என்ன கோக்கி, அக்டர் எண்டு சொல்லு" என்று இன்னொருவர் அதட்டினார். மாமா மரத்தடியில் நின்று, ஒரு காலை மாற்றி மற்றக் காலில், அதை மாற்றி இதில் என்று நின்றார். அவர் சிரித்த சிரிப்பை அதற்கு முன்னும் நான் கண்டதில்லை, பின்னும் கண்டதில்லை.

கதையில் ராசா ஒரு பெண்ணை வலுக்கட்டாயமாக மணக்கப் போகிறார். முகத்தில் கறுப்புப் பூசிய வெள்ளைக்காரி அவள், கண் பூனைக்கண். மேளம் அடித்தார்கள், சத்தம் கேட்கவில்லை. ராசா ஒரு தாலியை எடுத்தார். உண்மையான தாலி. எங்கள் ஊர் மாதிரியே கயிற்றில் கோத்தது. குனிந்து அவள் கழுத்தில் வைத்து, ஒவ்வொரு முடிச்சாகப் போட்டார்.

மறுநிமிடம் கதாநாயகன் யன்னலால் பாய்ந்து வந்து ராசாவைச் சுட்டான். ராசா மிக அருமையாகச் செத்தார். முதலில் சரிந்த தலைப்பாகையை நிமிர்த்தினார். அது நிமிர்ந்ததும் விழுந்தார். பிள்ளைகள் நாங்கள் கை தட்டினோம். பெரியவர்கள் ஒருவரும் தட்டவில்லை. அப்பா வாங்கிலிருந்து எழுந்து, யாரையும் பார்க்காமல் வீட்டுக்கு நடந்தார்.

மறுநாள் ஊரில் சண்டைச் செய்தி ஒன்றும் ஓடவில்லை. இந்தச் செய்திதான். எங்கள் ஊரில் கூத்து ஆடுவார்கள். நடிப்பென்றால் என்னவென்று தெரியாத சனங்கள் அல்ல. கூத்துப் பழக்கும் அண்ணாவியாரிடமே நியாயம் கேட்கப் போனார்கள். அவர் யோசித்துச் சொன்னார்: "கூத்தில பெண் வேசம் கட்டுறது ஆம்பிள. ஆம்பிளைக்கு ஆம்பிள கட்டினா அது தாலியில்ல, கயிறு. இவரு கட்டினது பொம்பிளைக்கு. கட்டினது கட்டினதுதான்." கோயில் ஐயர் கொஞ்சம் இரங்கினார். ராசா உடனே செத்துப்போனதால் பந்தம் அறுந்துவிட்டது என்றார். செத்தவர் சந்தியில் நின்று வெற்றிலை போடுகிறாரே என்று மற்றவர்கள் எடுத்துக்காட்டினார்கள். ஆகவே சீமையில் எங்கோ இருக்கிற அந்தப் பூனைக்கண்காரி இன்னும் சுமங்கலிதான் என்று முடிவாயிற்று. எனக்கு அவளை நினைக்கக் கொஞ்சம் பாவமாகவும் இருந்தது.

மாமா அப்பாவிடம் விளக்கப் போனார். போகாமலே இருந்திருக்கலாம். படக்காரர் முதலில் மோதிரம் மாற்றத்தான் சொன்னார்களாம். அப்படி இல்லை, எங்கள் சனங்கள் தாலி கட்டுவார்கள் என்று மாமாதான் மன்றாடிச் சொல்லி, சப்பாத்துக் கயிற்றைச் சாயத்தில் தோய்த்து, யன்னல் திரையின் பித்தளை வளையம் ஒன்றைக் கோத்துத் தன் கையாலேயே தாலி செய்து கொடுத்திருக்கிறார். அத்தனை வருடத்தில் அவர்கள் அவர் பேச்சைக் கேட்டது அந்த ஒருமுறைதான். அந்தப் படத்தில் உண்மையாக இருந்ததும் அது ஒன்றுதான். இதைச் சொல்லும்போது மாமாவின் குரலில் பெருமைதான் இருந்தது. அது அவரைக் காப்பாற்றும் என்று அவர் நினைத்தார்.

"அப்ப தாலியையும் நீங்களே செஞ்சீங்க," என்றார் அப்பா.

கல்யாணம் நின்றது. தங்கையை இரண்டாந்தாரமாகக் கொடுத்தான் என்று ஊர் சொல்வதை அப்பாவால் தாங்க முடியாது. ஆனால் அப்பா கல்நெஞ்சுக்காரர் இல்லை. வெள்ளையடித்த வீட்டை ஒவ்வொரு நாளும் கடந்துதான் அவர் வயலுக்குப் போக வேண்டும். கடைசியில் அவரே ஒரு வழி கண்டுபிடித்து, மாமாவைக் கிணற்றடிக்குக் கூட்டிப்போய்ச் சொன்னார். நான் துலாவுக்குப் பக்கத்தில் வாளி கழுவிக்கொண்டிருந்தேன்.

"மச்சான், தாடி வச்ச மூஞ்சி. ஆர் கண்டா? அது நானில்ல எண்டு வேளாண்மைக் கூட்டத்தில ஒரு சொல்லுச் சொல்லுங்க. மறுகா ஒருத்தனும் வாய் திறக்கமாட்டான். ஆவணியிலயே முடிச்சிருவம்."

மாமா கிணற்றடியிலிருந்தே நடக்கத் தொடங்கினார். அந்தக் கிழமை முழுவதும் அவர் நடந்த நடை எனக்கு இன்றைக்கும் காலில் நோகிறது. வாவிக்கரைக்குப் போவார், தோணி பிடிக்கப் போகிறவர் மாதிரி நிற்பார், கிறுகி வருவார். தோல்பெட்டியைத் திறப்பார், மூடுவார். நாங்கள் சாவு கேட்டால், நாளைக்கு என்பார்.

இதற்கிடையில் பட லொறி மண்டூருக்குப் போய்விட்டது. அம்மாவும் மாமியும் முருகனுக்கு நேர்த்தி இருக்கிறதென்று அப்பாவிடம் சொல்லி வண்டில் கட்டினார்கள். என்னையும் ஏற்றிக்கொண்டார்கள். கோயிலில் கும்பிட்டோம், பொய் இல்லை. ஆனால் கும்பிட்ட வேகத்தைப் பார்த்தால் முருகனுக்கே விளங்கியிருக்கும். இருட்டியதும் அதே படத்தைத் திரும்பவும் பார்த்தோம். தாலி கட்டுகிற இடம் வந்தபோது நான் மாமியின் முகத்தைத் திரும்பிப் பார்த்தேன். அழுவாள் என்று எதிர்பார்த்தேன். மாமி கழுத்தை நீட்டி, இமை கொட்டாமல், ராசாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் விழுந்ததும் நீளமாக மூச்சு விட்டாள். வரும் வழியெல்லாம் ஒன்றும் பேசவில்லை. மாமி பேசாமல் வந்தது அம்மாவுக்கே பயமாக இருந்தது.

வேளாண்மைக் கூட்டம் கோயிலுக்கு முன்னால் ஆலமரத்தின் கீழ் நடந்தது. நான் அப்பாவின் வெற்றிலைத் தட்டோடு போயிருந்தேன். வாய்க்கால் எப்போது திறப்பது என்று பேசினார்கள், யார் வேலி அடைக்கவில்லை என்று பேசினார்கள், ஒரு எருமையைப் பற்றி வெகுநேரம் சண்டை பிடித்தார்கள். எருமை தீர்ந்ததும் அப்பா தொண்டையைச் செருமி, "மச்சான், ஊரில ஒரு கதை அடிபடுது. அந்தப் படத்தில வந்தது நீங்கதானா?" என்று கேட்டார்.

மாமா எழுந்தார். கோட்டின் பொத்தான்களைப் போட்டார். ஓம், நான்தான் என்று சொல்லப் போகிறார், சொல்லிவிட்டு அந்தச் சாவை எல்லோருக்கும் முன்னால் இன்னொருமுறை செத்துக் காட்டப் போகிறார் என்று நினைத்தேன். பள்ளிக்கூடத்தில் என் மாமா ராசா என்று நான் எல்லோருக்கும் சொல்லி வைத்திருந்தேன்.

"இல்ல மச்சான்," என்றார் மாமா. "அது நானில்ல. நான் அங்க துரைக்குச் சமைச்சுக் குடுத்துக்கிட்டு இருந்தன். படமெல்லாம் சும்மா விட்ட கதை."

கூட்டம் சிரித்தது. கெட்ட சிரிப்பு இல்லை. தாங்கள் முதலே சொன்னது சரியாகிவிட்ட சந்தோஷச் சிரிப்பு. "நான் அப்பவே சொன்னன், கோக்கி எண்டு," என்றார் எருமைக்காரர். அப்பா நிம்மதியாக ஒரு வெற்றிலையை எடுத்து மாமாவிடம் நீட்டினார். எனக்கு அழுகை வந்தது. தட்டை அங்கேயே வைத்துவிட்டு வீட்டுக்கு ஓடினேன். அவர் பொய்க்காரர், இனி அவர் செத்தாலும் பார்க்கமாட்டேன் என்று அம்மாவிடம் சொன்னேன். அம்மா என்னை அணைக்கவும் இல்லை, அதட்டவும் இல்லை, வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

பின்னேரம் மாமா வந்து வேலிப் பொட்டருகே நின்றார். மாமி அந்தப் பக்கம் நின்றாள். கல்யாணம் கிடைத்துவிட்டது, சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். அவள் கோபமாக இருந்தாள்.

"ஆர் உங்களக் கேட்டது அப்பிடிச் சொல்லச் சொல்லி?"

"வேற என்னத்தச் சொல்லுற?" என்றார் மாமா.

மாமி வேலியில் ஒரு கிடுகை இழுத்துச் சரி பார்த்தாள். அது சரியாகத்தான் இருந்தது. "அந்தத் தலைப்பாவ நிமித்தினது ஆர் சொல்லித் தந்தது?" என்று கேட்டாள்.

"ஒருத்தரும் சொல்லித் தரல்ல. தானா வந்தது."

"அதுதானே பாத்தன்," என்றாள் மாமி. பிறகு உள்ளே போய்விட்டாள். கல்யாணப் பேச்சில் இது எந்த வகை என்று எனக்கு விளங்கவில்லை.

ஆவணியில் கல்யாணம் நடந்தது. மாமா தோல்பெட்டியோடு வேலிக்கு அந்தப் பக்கம் குடி போனார். நானும் சில நாள் முகத்தைத் தூக்கி வைத்திருந்துவிட்டு, பிறகு மறந்துபோய் அந்த வீட்டிலேயே சாப்பிடத் தொடங்கினேன்.

தொல்லை அதற்குப் பிறகுதான் வந்தது. வாவிக்கரையில் முகாம் போட இடம் பார்க்கப் பட்டாளத்துத் துரைமார் வரப் போகிறார்கள், விதானையார் சாப்பாட்டுக்கு ஒழுங்கு செய்ய வேண்டும் என்று அப்பாவுக்குக் கட்டளை வந்தது. ஊர் ஒரே குரலில் சொன்னது, நமக்கென்ன கவலை, லண்டன் கோக்கி இருக்கிறாரே என்று. அப்பா பூரித்துப்போய் வந்து மச்சானிடம் பொறுப்பை ஒப்படைத்தார். மாமா சரி என்றார். அப்பா போன பிறகு அவர் முகத்தைப் பார்க்க வேண்டும். உலை எது மூடி எது என்று தெரியாத மனிதர். சமைக்கத் தெரியாது என்றால் அப்போது யார் அந்த ராசா என்று ஊர் கேட்கும். தாலி திரும்பவும் எழுந்து வரும். இந்தமுறை மாமியின் கழுத்தில் ஒன்று கிடக்கிறது.

மாமா வீட்டைச் சுற்றிச் சுற்றி நடந்தார். மாமி இரண்டு சுற்று பொறுத்தாள். மூன்றாவது சுற்றில் அவர் கையைப் பிடித்துக் குசினிக்குள் இழுத்துப்போனாள்.

அவருக்குத் தின்னத் தெரியும், அவளுக்குச் சமைக்கத் தெரியும். கோழி வெளியில் முறுகி உள்ளே ஈரமாக இருக்க வேண்டும், உறைப்பு ஆகாது, மேலே பழுப்பாக ஒரு குழம்பு ஊற்றுவார்கள், அது கட்டியும் இல்லை தண்ணியும் இல்லை என்று மாமா கண்ணை மூடிக்கொண்டு சொல்லச் சொல்ல, மாமி அதைக் கையால் கண்டுபிடித்தாள். ஊரில் கோழி அரிதான காலத்தில் இரண்டு கோழிகள் இதற்குப் பலியாயின. நானும் உடனிருந்து தின்று உதவினேன். கோழியை மாமா தொடவே இல்லை. அவருக்கு மாமி வேறு பாடம் நடத்தினாள். சமைக்கிறவன் துவாயைத் தோளில் போடமாட்டான், இடுப்பில் செருகுவான். அகப்பையை நுனியில் பிடிக்கமாட்டான். உப்புப் பார்க்கிறவன் அகப்பையில் வாய் வைக்கமாட்டான், உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டு நக்குவான். மாமா செய்து காட்டுவார். மாமி, "இல்ல, இன்னும் வரல்ல. திரும்ப," என்பாள். மாமா திரும்பச் செய்வார். இப்படிச் செய்துகொண்டிருந்த நேரத்தில் அவர் ஒரு தரமும் எழுந்து படலைக்குப் போகவில்லை என்பது இப்போதுதான் எனக்கு நினைவு வருகிறது.

துரைமார் வந்த அன்று எங்கள் வளவில் பந்தல் போட்டோம். ஊர் வேலியோடு நின்றது. மாமி விடியவே எல்லாவற்றையும் சமைத்து மூடி வைத்துவிட்டாள். பந்தலுக்குப் பக்கத்தில் மூட்டிய அடுப்பில் மாமா நின்றார். இடுப்பில் துவாய், கையில் அகப்பை. தீயைக் குனிந்து பார்த்து விறகை ஒரு விரற்கடை இழுத்தார். சட்டியைத் திறந்து முகத்தைச் சரித்து ஆவியை மோந்தார். உள்ளங்கையில் சொட்டு விட்டு நக்கி, கண்ணை மூடி, கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லாமல் நின்று, பிறகு தலையை மெல்ல ஆட்டினார். வேலியில் நின்ற சனங்களும் அறியாமல் தலையை ஆட்டினார்கள். மாமாவின் கால்கள் நிலத்தில் ஊன்றி நின்றன. சட்டிக்கு முன்னால் பிறந்து வளர்ந்தவர் என்றுதான் யாரும் சொல்வார்கள்.

பெரிய துரை தின்றுகொண்டே, எங்கே பழகினாய் என்று இங்கிலீசில் கேட்டார். எனக்கு இங்கிலீசு சொல்லித் தந்ததே மாமாதான். ஒரு சொல்லு பிசகினாலும் விடமாட்டார். அப்படிப்பட்டவர் குனிந்து, பல்லைக் காட்டி, "மீ குக் மாஸ்டர், லோங் டைம், பிக் ஹவுஸ் மாஸ்டர்" என்றார். துரைமார் சிரித்துச் சந்தோஷப்பட்டார்கள். பயத்தில் மாமாவுக்கு இங்கிலீசு மறந்துவிட்டது என்று நினைத்து நான் வெட்கப்பட்டேன். படங்கள் பேசத் தொடங்கியபோது சீமைக்காரர் அவரிடம் கேட்டதும் இந்த உடைந்த பேச்சைத்தானாம். அதைப் பேச வாய் வரவில்லை என்றபடியால்தான் அனுப்பிவிட்டார்களாம். இதை அம்மா எனக்குச் சொன்னது மாமா காலமான பிறகுதான். கடைசி வரைக்கும் அவர் கோக்கிதான். ஊரில் எந்தக் கல்யாணமென்றாலும் அவர் வந்து உப்புப் பார்க்காமல் பந்தி வைத்ததில்லை.

மாமி அன்றைக்குக் குசினி வாசலில் மறைந்து நின்றாள். துரைமாரையும் பார்க்கவில்லை, தான் பாடுபட்டுச் சமைத்ததை அவர்கள் தின்பதையும் பார்க்கவில்லை. கழுத்தை நீட்டி, இமை கொட்டாமல் அடுப்புப் பக்கமே பார்த்து நின்றாள். உப்புக்குத்தான் பயப்படுகிறாள் என்று எண்ணி நான் கிட்டப் போய், உப்பெல்லாம் சரியாம் மாமி, பெரிய துரை இரண்டாந்தரமும் வாங்கிவிட்டார் என்று சொன்னேன்.

"பேசாம அங்க பாரு மனே," என்றாள் மாமி.

நான் கோழியைப் பார்த்தேன்.